செண்பகத்துக்கு ஒரு ஜாமீன்

மரத்தை மிரட்டுவது கண்ணகியின் வேலை. கெஞ்சுவது அவள் புருஷன் குப்புராஜின் வேலை. ஆரணி பாவடிப் பூங்காவில் பதினைந்து வருஷமாக இருவரும் தோட்டக்காரர்கள். மற்ற வேலைகளையெல்லாம் மாற்றி மாற்றிச் செய்துகொள்வார்கள். இந்த ஒன்றை மட்டும் மாற்றிக்கொண்டதே இல்லை. குப்புராஜுக்கு மிரட்ட வராது. தெருநாயை விரட்டும்போதுகூட "போப்பா, அந்தாண்ட போப்பா" என்று மரியாதையாகப் பேசுகிற மனுஷன் அவர்.

பூங்காவின் கதையைச் சொல்லாமல் இவர்கள் கதையைச் சொல்ல முடியாது. பாவடி என்றால், தறிக்காரர்கள் பட்டுப் பாவு நூலை நீளவாக்கில் இழுத்துக் கட்டி, அறுந்த இழையைத் தேடி முடிபோடுகிற வெட்டவெளி. அந்த வேலை வேறு இடத்துக்குப் போனபிறகு நிலம் சும்மா கிடந்தது. சும்மா கிடக்கிற நிலத்தை நம் ஊர் என்ன செய்யுமோ அதைத்தான் செய்தது, குப்பை கொட்டியது. பத்து வருஷம் கொட்டி, மூக்கு இனிமேல் முடியாது என்றதும், சுற்றியிருந்த நாலு தெருக்காரர்கள் கமிட்டி போட்டுப் பூங்கா வைக்கக் கிளம்பினார்கள். வேலூரிலிருந்து ஒரு நிபுணர் வந்து காகிதத்தில் படம் போட்டுக் கொடுத்தார். நடுவில் வட்டமாக நீரூற்று, அதிலிருந்து நாலு பக்கமும் பாதை, ஒரு பக்கம் புல்தரை, ஒரு பக்கம் ரோஜாப் பாத்தி, வாசலில் செடியையே கத்தரித்துச் செய்த யானை. மூலையில் ஒரு ரேடியோ ரூம். இந்தக் காலத்தில் ரேடியோ எதற்கு என்று யாரோ கேட்டதற்கு, பூங்கா என்றால் ரேடியோ இருக்க வேண்டும் என்று கமிட்டி அடித்துச் சொல்லிவிட்டது. அந்த ரூமில் இன்றைக்கு மண்வெட்டியும் கடப்பாரையும் பாட்டுக் கேட்டுக்கொண்டிருக்கின்றன.

படவேட்டுப் பக்கத்துக் கிராமத்தில் சொந்த நிலம் என்று ஒரு சாண் இல்லாத குடும்பம் இவர்களுடையது. குழி வெட்டும் கூலி வேலைக்கு வந்தவர்கள், குழி மூடியபிறகும் இங்கேயே தங்கிவிட்டார்கள். நிபுணர் நாலு மூட்டைப் புல்லை இறக்கி, "நட்டுடும்மா" என்று சொல்லிவிட்டு வேலூருக்குப் போய்விட்டார். கண்ணகிக்குத் தெரிந்த நடவு ஒன்றே ஒன்றுதான். சுற்றி வரப்புக் கட்டினாள், தண்ணீர் பாய்ச்சினாள், சேறாக மிதித்தாள். ஊரிலிருந்து ஆறு பொம்பளைகளை வரவழைத்து வரிசையில் நிறுத்தினாள். குனிந்தபடி பின்னால் நகர்ந்து நகர்ந்து, புல்லைப் பிய்த்துப் பிய்த்து நாற்றுப்போல ஊன்றினார்கள்.

மத்தியானம் வந்த நிபுணர் தலையில் அடித்துக்கொண்டார். "இன்னாம்மா இது, நெல்லா நட்டுகினு கீறீங்க?"

"வேற எப்பிடிங்க நடறது?" என்றாள் கண்ணகி, முழங்கால் வரைக்கும் சேற்றோடு.

நாற்பது நாளில் பாய் விரித்த மாதிரி புல் மூடிவிட்டது. நிபுணர் அதை நாலு பக்கமிருந்தும் போட்டோ எடுத்துக்கொண்டு போனார். அவர் ஆபீஸில் அது தன்னுடைய முறை என்று சொல்லிக்கொள்கிறாராம். சொல்லிக்கொள்ளட்டும், புல் ஆரணியில்தானே இருக்கிறது.

திறப்பு விழா அன்றைக்கே நீரூற்றிலிருந்த நாலு சிமென்ட் கொக்குகளில் ஒன்றுக்கு, பந்தல் கால் இடித்து மூக்கு போய்விட்டது. அதற்குக் கழுத்தில் தண்ணீர் வரும். ஊரில் எல்லோருக்கும் பிடித்த கொக்கு அதுதான். ஆனால் பட்டுக்காரர்கள் ஊரில் பூப்பாத்தி போடுவது லேசுப்பட்ட காரியமில்லை. சாயங்காலம் தறியை விட்டு எழுந்து காலாற நடக்க வருகிறவர்கள் சாமந்தி வரிசையை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "பார்டர் இங்க ரெண்டு இழ தள்ளிச்சிம்மா" என்று போகிற போக்கில் சொல்லிவிடுவார்கள். கயிறு பிடித்துப் பார்த்தால் உண்மையாகவே நாலு விரற்கடை தள்ளியிருக்கும். கண்ணகிக்குக் கோபம் பொத்துக்கொண்டு வரும். குப்புராஜ் மட்டும், "கண்ணு பார் அவருக்கு!" என்று வியந்துகொண்டே அந்தச் சாமந்தியைப் பெயர்த்து நேராக வைப்பார்.

நீரூற்றுக்குக் கிழக்கே நிபுணர் வைக்கச் சொன்ன அலங்காரப் பனை ஒன்று முதல் கோடையிலேயே காய்ந்துபோனது. அந்தக் குழியில்தான் குப்புராஜ் செண்பகத்தை நட்டார். படவேட்டுப் பக்கம் ஒரு நாற்றுப் பண்ணையிலிருந்து, பையோடு மடியில் வைத்து, பஸ்ஸில் கொண்டுவந்தார். காரணத்தை யாரிடமும் சொல்லவில்லை. கல்யாணமான புதிதில் போளூர் பஸ்ஸில், முன் சீட்டிலிருந்த அம்மாள் தலையில் செண்பகம் வைத்திருந்தாள். "இன்னா வாசன!" என்று கண்ணகி ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, சொல்லியிருந்தாள். அவளே மறந்த பேச்சு அது. அவர் இருபது வருஷம் மனசில் வைத்திருந்து குழி கிடைத்ததும் நட்டுவிட்டார்.

ஒட்டுச்செடியாக இருந்தால் இரண்டு வருஷத்தில் பூத்திருக்கும். இது விதைக்கன்று. அதற்கு அவசரமே இல்லை. ஐந்து வருஷம் ஆயிற்று, ரேடியோ ரூம் உயரத்துக்கு வளர்ந்தது, இலை தழைத்தது, பூ மட்டும் வரவில்லை. அப்போதுதான் கண்ணகிக்குத் தன் ஊர் வழக்கம் ஞாபகம் வந்தது. காய்க்காத மாமரத்தையும் புளியமரத்தையும் தை மாத வெள்ளிக்கிழமையில் மிரட்டுவார்கள். ஒருத்தர் கோடாலியோடு போய் வெட்டப்போகிறேன் என்பார். இன்னொருத்தர் குறுக்கே வந்து ஜாமீன் கொடுப்பார். பயந்துபோன மரம் அடுத்த வருஷம் காய்த்துவிடும்.

"இந்த மரம் இருந்து இன்னா புரோஜனம்? வெட்டிடட்டா?" என்று கண்ணகி கோடாலியை ஓங்குவாள்.

"வேணாம், வேணாம். கொழந்த மரம். அடுத்த வருஷம் பூத்துடும்" என்று குப்புராஜ் மரத்தைக் கட்டிக்கொள்வார்.

"பூக்கலன்னா யாரு பொறுப்பு?"

"நான் பொறுப்பு."

அதன்பிறகு ஒரு குடம் தண்ணீர் ஊற்றிவிட்டு வேலையைப் பார்க்கப் போவார்கள். இதற்குக் கண்டிப்பான சட்டம் ஒன்று உண்டு. ஜாமீன் விழுகிறவரைக்கும் மிரட்டுகிறவர் சிரிக்கக்கூடாது, சும்மாதான் சொன்னேன் என்று காட்டிக்கொள்ளக் கூடாது. மரத்துக்குக் காது உண்டு. விளையாட்டு என்று தெரிந்துவிட்டால் அது ஜென்மத்துக்கும் பயப்படாது.

எட்டு வருஷம் மிரட்டினார்கள். எட்டு வருஷமும் குப்புராஜ் பொறுப்பேற்றுக்கொண்டார். மரம் இரண்டு பேரையும் சட்டை செய்யவில்லை.

போன ஆடியில் குப்புராஜுக்குப் பக்கவாதம் வந்தது. வேலூர் ஆஸ்பத்திரியில் மூன்று வாரம் இருந்து, உயிரோடு திரும்பினார். வலது கையும் காலும் வரவில்லை, பேச்சும் வரவில்லை. "ஆங்" என்பது ஒன்றுதான் மிச்சம். அதை வைத்துக்கொண்டுதான் பசி, தாகம், கோபம் எல்லாம். அக்கம்பக்கத்தில் யாராவது பார்க்க வந்தால் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வார். வாசற்படியைத் தாண்ட மாட்டேன் என்று ஒரே பிடிவாதம். ஆனால் தினமும் சாயங்காலம் கண்ணகி பூங்காவிலிருந்து வந்ததும் அவள் தலையைப் பார்த்துப் புருவத்தைத் தூக்குவார். பூத்ததா என்று அர்த்தம். "இல்லய்யா" என்பாள் அவள். அவரும் சரி என்று தலையசைப்பார்.

காலையில் பயிற்சி. ஆஸ்பத்திரியில் சொல்லிக்கொடுத்தபடி கையை இருபது தடவை தூக்க வேண்டும், வார்த்தைகளைச் சொல்லிப் பழக வேண்டும். கண்ணகிக்குத் தெரிந்த ஒரே வழி மிரட்டல்தான். "தூக்குயா. தூக்கலன்னா சோறு கெடையாது. நான் இன்னா, ஆயுசு பூராவும் ஊட்டிகினே இருப்பனா?" என்பாள். கை பாதி எழும், நடுங்கும், விழும். அவர் முகத்தைத் திருப்பிக்கொள்வார். அவள் பின்கட்டுக்குப் போய் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு அழுவாள். அழுதுவிட்டு வந்து மறுபடி மிரட்டுவாள். அந்த வீட்டில் குறுக்கே வந்து ஜாமீன் கொடுக்க ஆள் இல்லை.

இந்தத் தையில் வெள்ளிக்கிழமை வந்தது. யாரைக் கூட்டிக்கொண்டு போவது? கண்ணகி தனியாகவே கோடாலியை எடுத்துக்கொண்டு செண்பகத்தின் முன்னால் நின்றாள். முதல் வரியைச் சொல்ல ஆரம்பித்தவளுக்கு ஏழு மாதத்துக் கோபமும் சேர்ந்து வந்துவிட்டது. "இருந்து இன்னா கிழிச்ச? அந்த மனுஷன் ஒன்ன நம்பி நம்பியே படுத்துட்டாரு. வெட்டிடணும் ஒன்ன. வேரோட வெட்டிடணும்!"

பின்னாலிருந்து, "அக்கா, யாரத் திட்டறீங்க?" என்று ஒரு குரல் கேட்டது.

ஸ்டெஃபி. கமிட்டி புதிதாக வைத்த மேற்பார்வையாளர். டிப்ளமோ படித்த பெண், கண்ணமங்கலத்திலிருந்து ஸ்கூட்டியில் வருகிறவள். பூங்காவைப் புதுப்பிக்கப் போகிறார்கள். எதை வைப்பது, எதை எடுப்பது என்று அவள் பட்டியல் எழுதிக்கொண்டிருந்தாள்.

"இந்த மரம் வேணாமாக்கா?"

கண்ணகி மரத்தை ஓரக்கண்ணால் பார்த்தாள். மரம் இரண்டடியில் நிற்கிறது, கேட்டுக்கொண்டிருக்கிறது. ஜாமீன் இன்னும் விழவில்லை. இப்போது சும்மா சொன்னேன் என்றால் எட்டு வருஷத்துப் பாடும் போச்சு. அவள் முகத்தைக் கடுமையாக வைத்துக்கொண்டு, "ஆமாங்க. வெட்டிடலாம். பதிமூணு வருசமா ஒரு பூ இல்ல" என்றாள்.

ஸ்டெஃபி எழுதிக்கொண்டாள். அவள் கையைப் பிடித்துக் குழாயடிக்குத் தள்ளிக்கொண்டு போய் ரகசியமாக விஷயத்தைச் சொல்லிவிட வேண்டும் என்று கண்ணகி கிட்டே போவதற்குள் அந்தப் பெண்ணுக்கு போன் வந்து, பேசிக்கொண்டே ஸ்கூட்டியில் ஏறிப் போய்விட்டாள். பிறகு கண்ணகி கமிட்டி ஆபீஸுக்கு இரண்டு தடவை போனாள். மேடம் மீட்டிங் என்றார்கள். மாசி பிறந்து, ஒரு திங்கட்கிழமை காலையில், வாசலில் புதுப் படம் ஒட்டியிருந்தது. செண்பகம் இருந்த இடத்தில் பெரிய இதயம் ஒன்று வரைந்து, செல்ஃபி எடுக்கும் இடம் என்று போட்டிருந்தார்கள்.

கண்ணகி ஸ்டெஃபியை வாசல் கேட்டிலேயே மடக்கினாள். மரத்துக்குக் கேட்காத தூரம் அது.

"நான் வெட்டச் சொன்னது நெசமில்லீங்க மேடம். அது மரத்துக்கு சொன்னது."

"மரத்துக்கா?"

"கேட்டுகினு இருந்திச்சிங்க. அது எதிர்ல எப்பிடி மாத்திச் சொல்றது?" என்று வழக்கத்தையெல்லாம் ஒன்றுவிடாமல் சொன்னாள்.

ஸ்டெஃபி நல்ல பெண். சிரிக்கவில்லை. ஆனால் அவள் முகம் வாடிவிட்டது. "தீர்மானம் போட்டுட்டாங்கக்கா. தோட்டக்கார அம்மாவே வேணாம்னு சொன்னாங்கன்னு நானே எழுதிக் குடுத்துட்டேன். பூக்கவே பூக்காத மரத்த இப்ப எதச் சொல்லி நிறுத்தறது? புதன்கிழமை மிஷின் வருது."

அன்றைக்குச் சாயங்காலம் குப்புராஜ் வழக்கம்போலப் புருவத்தைத் தூக்கினார். கண்ணகி "இல்லய்யா" என்று சொல்லவில்லை. கட்டிலடியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள். "என் வாயாலயே வெட்டச் சொல்லிட்டன்யா. நீ வெச்ச மரத்த நானே குடுத்துட்டன்" என்று தேம்பினாள்.  குப்புராஜ் இடது கையால் கட்டில் சட்டத்தைத் தட்டினார். "ஆங். ஆங்" என்று வாசலைக் காட்டினார். ஏழு மாதத்தில் அவர் அந்தப் பக்கம் கை நீட்டியது அதுதான் முதல் தடவை.

பக்கத்து வீட்டுத் தென்னரசு பேட்டரி வண்டியில் குப்பை எடுக்கிறவன். புதன்கிழமை காலையில் வண்டியை இரண்டு தடவை கழுவி, பெனாயில் போட்டு, ஜமக்காளம் விரித்துக் கொண்டுவந்து நிறுத்தினான். குப்புராஜ் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டார். தெருவே எட்டிப் பார்த்தது. அவர் சுவரைத் தேடவில்லை. நேராகப் பார்த்துக்கொண்டு போனார்.

பூங்கா வாசலில் யானையைப் பார்த்ததும் அவர் முகம் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு சிரித்தது. அவர் கத்தரி படாமல் யானைக்கு வயிறு சரிந்திருந்தது. தறிக்காரர்கள் அதற்கு எத்தனை மாதம் என்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். ஏழு மாதம் கழித்து அந்தச் சிரிப்பைப் பார்த்த கண்ணகிக்கு மரம் போனாலும் பரவாயில்லை என்றுகூட ஒரு கணம் தோன்றியது. தோன்றினதற்காகத் தன்னையே திட்டிக்கொண்டாள்.

செண்பகத்தின் கீழே, மரம் வெட்ட வந்திருந்த சடையன் அறுக்கும் மிஷினுக்குப் பெட்ரோல் ஊற்றிக்கொண்டிருந்தார். ஸ்டெஃபி பைலோடு நின்றிருந்தாள். தென்னரசு வண்டியை மரத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோய் நிறுத்தினான். குப்புராஜ் இடது கையை நீட்டி மரப்பட்டையில் வைத்தார். பேச முயன்றார். "ஆங்" என்றுதான் வந்தது. இன்னொரு தடவை. அதே "ஆங்". கண்ணில் தண்ணீர் நின்றுவிட்டது.

"ஐயாவ அழைச்சிட்டுப் போங்கக்கா, பாக்க வேணாம்" என்றாள் ஸ்டெஃபி மெதுவாக.

அப்போதுதான் கண்ணகிக்கு உறைத்தது. இவர் எப்போதாவது முதலில் பேசியிருக்கிறாரா? எட்டு வருஷமும் அவள் ஆரம்பித்தபிறகுதானே அவர் வாயைத் திறப்பார்? ஆனால் ஆரம்பிப்பதென்றால் மறுபடியும் அந்த வார்த்தையைச் சொல்ல வேண்டும்; அதுவும் மிஷினுக்கு எதிரிலேயே.  சடையன் பக்கத்தில் கிடந்த கோடாலியை எடுத்தாள், மரத்துக்கு நேராக ஓங்கினாள்.

"இந்த மரம் இருந்து இன்னா புரோஜனம்? வெட்டிடட்டா?"

"அதுக்குத்தான வந்துகீறோம்" என்றார் சடையன், ஒன்றும் புரியாமல்.

குப்புராஜின் வாய் கோணியது.  பிறகு வந்தது, குழறிக்கொண்டு, ஆனால் ஒரு வார்த்தை குறையாமல்.

"வேணாம்... வேணாம். கொழந்த மரம். அடுத்த வருஷம் பூத்துடும்."

கண்ணகி கையிலிருந்த கோடாலி தாழ்ந்தது. அடுத்த வரி அவளுடையது. அதை மறந்து அவள் புருஷனின் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.  மூக்குடைந்த கொக்கின் கழுத்திலிருந்து தண்ணீர் கொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது.

ஸ்டெஃபி பைலைத் திறந்தாள், மூடினாள், மறுபடி திறந்தாள். ஒரு ஆபீஸ்காரிக்கு வருகிற கவலைதான் அவளுக்கும் வந்தது. "சரிங்க ஐயா, ஒரு வருஷம் தள்ளி வெக்கலாம்னு எழுதறேன். ஆனா கமிட்டில கேப்பாங்களே. அப்பவும் பூக்கலன்னா யாரு பொறுப்பு?"

"நான் பொறுப்பு" என்றார் குப்புராஜ்.

சடையன் பெட்ரோல் கேனை மூடினார். "நம்ம ஊரு வழக்கம் மேடம் இது. ஜாமீன் உழுந்துடுச்சி. இனிமே இந்த மரத்து மேல நான் மிஷின் வெக்க மாட்டன். வேற ஆளக் கூப்டாலும் சொல்லி வெச்சிடுவன்" என்று தலைத்துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

ஸ்டெஃபி நின்றபடியே எழுதினாள். குப்புராஜ் இடது கையால் ஒரு கையெழுத்துப் போட்டார். அது நண்டு ஊர்ந்த மாதிரி இருந்தது. இதயத்தை யானைக்குப் பக்கத்தில் வைத்துக்கொள்ளலாம், போட்டோவில் யானையும் விழும் என்று அவளே யோசனையும் சொன்னாள். கண்ணகி நீரூற்றிலிருந்து ஒரு குடம் தண்ணீர் மொண்டுவந்து வேரில் ஊற்றினாள்.

வீட்டுக்கு வந்தபிறகு குப்புராஜ் எவ்வளவோ முயன்றார். "ஆங்" தவிர எதுவும் வரவில்லை. ஆஸ்பத்திரியில் பேச்சுப் பயிற்சி கொடுத்த அம்மாவைக் கண்ணகி போனில் கேட்டாள். வருஷக்கணக்காகச் சொல்லிச் சொல்லிப் பழகினது தலையில் வேறு மூலையில் பத்திரமாக இருக்கும், அது சில சமயம் தானாக வரும், புதுசாகப் பேசுவதற்கு நாளாகும் என்று அந்த அம்மா பக்குவமாகச் சொன்னார்.

மறுநாள் காலையில் பயிற்சி. கண்ணகி வாயில் பழைய பேச்சே வந்தது. "தூக்குயா. தூக்கலன்னா..."

கை பாதி எழுந்தது, நடுங்கியது, விழுந்தது. குப்புராஜ் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

 கண்ணகி அந்தக் கையை எடுத்துத் தன் மடியில் வைத்து, விரல் விரலாக நீவிவிட்டாள்.

"வேணாம், வேணாம்" என்றாள். "அடுத்த மாசம் தூக்கிடும்."

குப்புராஜ் மெல்லத் திரும்பி அவளைப் பார்த்தார். உதடு கோணிக்கொண்டது. அவர் வாய் அதுவரை ஒருநாளும் சொல்லியிராத வரி, அவளுடைய வரி, ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டு, எழுத்து எழுத்தாக வந்தது.

"யாரு... பொ...றுப்பு?"

"நான் பொறுப்பு" என்றாள் கண்ணகி.